போர்ட்டல் 2: விழத் தெரிந்தால் போதும்

கையில் துப்பாக்கி இருக்கிறது, குண்டு இல்லை. மவுஸின் இடது பட்டனை அழுத்தினால் சுவரில் நீல நிற ஓட்டை விழும். வலது பட்டனை அழுத்தினால் இன்னொரு இடத்தில் ஆரஞ்சு நிற ஓட்டை. ஒன்றில் நுழைந்தால் மற்றதில் வெளியே வருவீர்கள். போர்ட்டல் 2 என்ற புதிர் வீடியோ கேமில் கடைசி வரை உங்கள் கையில் இருப்பது இது ஒன்றுதான். புதிய ஆயுதம், திறன் ஏற்றம், கடையில் வாங்கும் கவசம் எதுவும் கிடையாது. வால்வ் நிறுவனம் இதை வெளியிட்டது 2011 ஏப்ரலில். இத்தனை ஆண்டு கழித்து ஆடும்போது பழசு தெரியவே இல்லை என்று சொன்னால் அது பொய். சில இடங்களில் நன்றாகவே தெரிகிறது. ஆனால் அந்த இரண்டு ஓட்டைகள் செய்யும் வேலைக்கு இன்னும் வயதாகவில்லை.

முதலில் கொஞ்சம் பூர்வீகம். அமெரிக்காவின் டிஜிபென் கல்லூரி மாணவர்கள் சிலர் 2005-இல் நார்பாகுலர் டிராப் என்று ஒரு சின்ன கேம் செய்தார்கள். சுவரில் வாசல் திறக்கும் யோசனை அதில் இருந்தது. வால்வ் அந்தக் குழுவையே வேலைக்கு எடுத்துக்கொண்டது. 2007 அக்டோபரில் 'தி ஆரஞ்ச் பாக்ஸ்' தொகுப்பில் மற்ற கேம்களோடு சேர்ந்து முதல் போர்ட்டல் வந்தது. மூன்று, நான்கு மணி நேரத்தில் முடிந்துவிடும் சின்ன கேம். பெரிய கேம்களுக்கு நடுவே இலவச இணைப்பு மாதிரி வந்ததுதான் அதிகம் பேசப்பட்டது. இரண்டாம் பாகத்தில் வரும் வண்ண ஜெல்களும் இதே வழியில் வந்தவை. டேக் என்ற இன்னொரு டிஜிபென் மாணவர் கேமிலிருந்து, அதன் குழுவோடு சேர்த்து, எடுத்துக்கொள்ளப்பட்டவை.

இரண்டு பாகங்களையும் அடுத்தடுத்து ஆடினால் ஒரு விஷயம் தெளிவாகத் தெரியும். முதல் பாகம் மூளையையும் கேட்கிறது, விரலையும் கேட்கிறது. இரண்டாவது பாகம் விரலை ஓய்வெடுக்கச் சொல்லிவிட்டு மூளையை மட்டும் கேட்கிறது. தாவி ஏறும் கேம் என்று நினைத்து வருபவர்கள் இங்கேதான் ஏமாறுவார்கள். முதல்முறை மவுஸைப் பிடிப்பவர்கள் தப்பிப்பதும் இங்கேதான்.

விதி ஒன்றே ஒன்று. ஒரு வாசலில் எந்த வேகத்தில் நுழைகிறீர்களோ, அதே வேகத்தில் மற்ற வாசலில் வெளியே வருவீர்கள். திசை மட்டும் மாறும். தரையில் உள்ள வாசலுக்குள் மேலிருந்து விழுந்து, சுவரில் உள்ள வாசல் வழியாக வெளியே வந்தால், விழுந்த வேகம் முழுவதும் கிடைமட்ட வேகமாகிவிடும். உந்தம் அழியாது என்று கேம் சொல்கிறது. கண்டிப்பான இயற்பியல் வாத்தியார் ஒத்துக்கொள்ள மாட்டார். உந்தத்துக்குத் திசையும் உண்டு, இங்கே திசை மாறிவிடுகிறதே என்பார். ஆற்றல் கணக்கும் உதைக்கும். கீழே உள்ள வாசலில் நுழைந்து இருபதடி மேலே வெளியே வந்தால் அந்த நிலையாற்றல் எங்கிருந்து வந்தது? கேமிடம் பதில் இல்லை. ஆனால் இந்த ஓசி ஆற்றலை எடுத்துக்கொள்வதுதான் ஆட்டமே.

எவ்வளவு தூரம் பறப்போம் என்று மனதிலேயே கணக்குப் போடலாம். பள்ளிக்கூடத்து எறிபொருள் சமன்பாடுதான். தரை வாசலுக்கு மேல் விழுந்த உயரம் 9 மீட்டர், வெளியேறும் சுவர் வாசல் தரையிலிருந்து 4 மீட்டர் உயரத்தில் என்றால், இரண்டையும் பெருக்கி (36) வர்க்கமூலம் எடுத்து (6) இரண்டால் பெருக்குங்கள். 12 மீட்டர் தள்ளி விழுவீர்கள். வெளியேறும் பலகை 45 பாகை சாய்ந்திருந்தால் இன்னும் எளிது. விழுந்த உயரத்தைப் போல இரண்டு மடங்கு தூரம், வாசல் இருக்கும் மட்டத்துக்கே. இரண்டு கணக்கிலும் ஈர்ப்பு விசையின் அளவு அடிபட்டுப்போவதைக் கவனியுங்கள். அதனால் கேமுக்குள் ஈர்ப்பு எவ்வளவு என்று தெரியாமலே விகிதத்தை நம்பலாம். நடைமுறையில் யாரும் மீட்டர் அளக்கப் போவதில்லை. ஆனால் 'தூரம் போதவில்லையா, இன்னும் உயரத்திலிருந்து விழு. அல்லது வெளியேறும் வாசலை மேலே ஏற்று' என்ற இரண்டு வழிகளும் ஒரே அளவுக்கு உதவும் என்பது இந்தக் கணக்கில்தான் தெரிகிறது. பலருக்குத் தோன்றுவது முதல் வழி மட்டும்தான்.

கேமின் ஒவ்வொரு கட்டமும் ஒரு சோதனை அறை. உயரமே இல்லாத அறையில் என்ன செய்வது? அங்கேதான் இரட்டைப் பாய்ச்சல். மேடை மேல் தரையில் ஒரு வாசல், கீழே குழியில் ஒரு வாசல். குழிக்குள் குதித்தால் மேடை வாசலிலிருந்து மேல்நோக்கி எறியப்படுவீர்கள். எவ்வளவு உயரத்திலிருந்து விழுந்தீர்களோ, அந்த மேடைக்கு மேல் கிட்டத்தட்ட அதே உயரம். இப்போது மறுபடி குழிக்குள் விழுந்தால் முதலில் விழுந்ததைவிட அதிக ஆழம், அதிக வேகம். அந்தரத்தில் இருக்கும்போதே மேடை வாசலை எதிர்ச்சுவருக்கு மாற்றிச் சுட்டுவிட்டால், சேர்த்துவைத்த வேகம் எல்லாம் ஒரே பாய்ச்சலாக வெளியே வரும். முதல் பாகத்தின் 10-ஆவது அறை பாய்ச்சலை அறிமுகம் செய்கிறது. பிற்பாதியில் இதை அந்தரத்தில் சுட்டுக்கொண்டே செய்யச் சொல்கிறது. கை தடுமாறினால் மறுபடி முதலிலிருந்து.

இரண்டாம் பாகம் இந்தத் தடுமாற்றத்தை ஒவ்வொன்றாகக் கழற்றி எடுத்துவிட்டது. முதல் பாகத்தில் சுவர்களில் மோதித் துள்ளும் ஆற்றல் பந்து ஒன்று உண்டு. அதற்கு ஆயுள் குறைவு, தொட்டால் மரணம். அது வரும் வழியை வாசல்களால் திருப்பி ஒரு குழிக்குள் சேர்க்க வேண்டும், அதுவும் சரியான நொடியில். இரண்டாம் பாகத்தில் அதே வேலைக்கு லேசர் கற்றை. அது எப்போதும் எரிந்துகொண்டே இருக்கும், அவசரமே இல்லை. அதேபோல எறிபலகை. காலை வைத்தால் போதும், முன்பே தீர்மானித்த வளைவில் அதுவே உங்களைத் தூக்கி எறிந்து முன்பே தீர்மானித்த இடத்தில் இறக்கும். ஓடிவந்து விளிம்பில் சரியாகக் குதிக்கும் வேலை போயிற்று.

கண்ணுக்குத் தெரியாத உதவிகளும் இருக்கின்றன. எவ்வளவு உயரத்திலிருந்து விழுந்தாலும் அடிபடாது. கதாநாயகி செல்லின் காலில் உள்ள காலணி தாங்கிக்கொள்ளும். தரை வாசலிலிருந்து மெதுவாக வெளியே வந்தால் கேம் ஒரு சின்ன உந்துதல் சேர்த்துக் கொடுக்கும், இல்லையென்றால் உடனே திரும்ப உள்ளே விழுந்துவிடுவீர்கள். வேகத்துக்கு உச்சவரம்பும் உண்டு. தரையில் ஒன்று, நேர் மேலே கூரையில் ஒன்று என்று வைத்துக்கொண்டு எத்தனை நிமிடம் விழுந்துகொண்டே இருந்தாலும் ஒரு கட்டத்துக்கு மேல் வேகம் ஏறாது. இன்னொன்று, விழும்போது தரை வாசலை நோக்கிக் கீழே பார்த்துக்கொண்டிருந்தால் கேமே உங்களை மெல்ல வாசலின் நடுவுக்கு இழுத்துக்கொள்ளும். அமைப்புகளில் 'போர்ட்டல் ஃபனலிங்' என்று இருப்பது இதுதான். இதை அணைத்துவிட்டு ஆடினால் கேம் கொஞ்சம் முதல் பாகத்துப் பக்கம் சாயும்.

இந்த உதவியை வீணடிப்பதுதான் புதியவர்கள் செய்யும் முதல் தவறு. விழும்போது பதற்றத்தில் முன்னால் போகும் விசையை அழுத்திக்கொண்டே இருப்பார்கள். அந்தரத்திலும் அந்த விசை கொஞ்சம் வேலை செய்யும், ஆகவே வாசலின் விளிம்பைத் தாண்டிப் போய்த் தரையில் விழுவார்கள். விளிம்பிலிருந்து நடந்து இறங்குங்கள், கையை எடுங்கள், கீழே பாருங்கள், அவ்வளவுதான். எறிபலகையிலும் இதே கதை. அதன் வளைவு ஏற்கெனவே சரியாக அளந்து வைத்தது. நீங்கள் நடுவில் உதவி செய்யப் போனால்தான் பிசகும்.

வாசல் விழவில்லை என்ற புகாருக்கு முக்கால்வாசி நேரம் காரணம் பரப்பு. வெள்ளை நிறச் சுவரில்தான் வாசல் திறக்கும். இருண்ட உலோகப் பலகையில் பட்டுத் தெறித்துவிடும். வெள்ளைப் பரப்பிலும் வாசல் முழுதாகப் பொருந்த இடம் வேண்டும். விளிம்பருகே சுட்டால் கேம் அதைக் கொஞ்சம் நகர்த்திப் பொருத்தப் பார்க்கும். இடமே போதாவிட்டால் தீப்பொறி மட்டும்தான். வாசல் நகர்ந்துவிட்டது என்று தெரியாமல் பாய்ந்து, ஒரு முழம் தள்ளி விழுந்துவிட்டு, கணக்கு தப்பு என்று நினைப்பவர்கள் உண்டு. கணக்கு சரி, வாசல்தான் தள்ளி இருக்கிறது. சுட்டபின் ஒருமுறை கண்ணால் பாருங்கள். வாசல் சுவருக்குப் பின்னால் மறைந்திருந்தாலும் அதன் வெளிக்கோடு தெரியும்.

அடுத்த தவறு நிறம் மாற்றிச் சுடுவது. லேசர் நுழையும் வாசல் நீலம் என்றால், அந்த அறை முடியும்வரை நீலத்தை லேசருக்கு விட்டுவிட்டு ஆரஞ்சை மட்டும் நகர்த்தப் பழகுங்கள். இரண்டு பட்டனையும் மாறிமாறி அழுத்துபவர்கள் தங்கள் வழியைத் தாங்களே அழித்துக்கொண்டிருப்பார்கள். அறைக் கதவருகே மினுங்கும் நீலத் திரையையும் மறக்கக்கூடாது. அதைத் தாண்டினால் நீங்கள் திறந்த வாசல்கள் இரண்டும் மூடிக்கொள்ளும். பொத்தான் மேல் வைப்பதற்காகக் கையில் எடுத்துவரும் பெட்டியும் பொசுங்கிப்போகும். பெட்டி போனால் பயமில்லை, மேலே உள்ள குழாய் புதிதாக ஒன்றைப் போடும். சில அறைகளில் வேண்டுமென்றே பெட்டியைப் பொசுக்கிப் புதியதை வரவழைப்பதே குறுக்கு வழி.

ஒவ்வொரு அறையின் தொடக்கத்திலும் ஒளிரும் பலகை ஒன்று இருக்கும். அறை எண்ணோடு அந்த அறையில் என்னென்ன உண்டு என்ற சின்னங்களும் அதில் எரியும். லேசர், பெட்டி, எறிபலகை என்று. பெரும்பாலோர் இதைக் கவனிக்காமல் ஓடிவிடுவார்கள். அடுத்து, வெளியேறும் கதவிலிருந்து புள்ளிக்கோடு ஒன்று கிளம்பிச் சுவர்களில் ஓடும். அது போய் முடியும் இடத்தில்தான் கதவைத் திறக்கும் பொத்தானோ லேசர் ஏற்பியோ இருக்கும். கோடு நீலமாக இருந்தால் வேலை ஆகவில்லை, ஆரஞ்சானால் ஆயிற்று. சிக்கிக்கொண்டால் உள்ளே நுழைந்த பக்கத்திலிருந்து யோசிக்காதீர்கள். கதவிலிருந்து கோட்டைப் பிடித்துப் பின்னோக்கி வாருங்கள். கடைசியில் என்ன நடக்க வேண்டும், அதற்கு முன் என்ன, அதற்கும் முன் என்ன. எட்டு அறையில் ஐந்து இப்படியே அவிழ்ந்துவிடும். மவுஸின் நடுச்சக்கரம் தூரத்துப் பரப்பைப் பெரிதாக்கிக் காட்டும் என்பதும் பலர் கேம் முடிந்தபிறகு கண்டுபிடிக்கும் சங்கதி.

இனி கருவிகள். எல்லாவற்றிலும் லேசர்தான் நன்றாகச் செய்யப்பட்டது. கற்றை வாசலின் நடுவில் நுழையவில்லை என்றால் மறுபக்கத்திலும் நடுவில் வெளியே வராது. எந்த அளவு தள்ளி நுழைந்ததோ அதே அளவு தள்ளி வெளியேறும். ஆகவே ஏற்பியில் நூலிழையில் தவறுகிறது என்றால் வெளியேறும் வாசலை மட்டும் திருத்திக்கொண்டிருக்க வேண்டாம். நுழையும் வாசலைச் சற்று நகர்த்துங்கள். திருப்பும் கண்ணாடிப் பெட்டியைக் கையில் பிடித்தபடி கோணம் பார்த்துவிட்டு, அசையாமல் நின்று கீழே வையுங்கள். நடந்துகொண்டே வைத்தால் கோணம் கலையும். சில ஏற்பிகள் கற்றையை விழுங்கிவிடும். வேறு சில கற்றையைத் தாண்டிப் போகவிடும், ஒரே நேர்க்கோட்டில் மூன்றை ஏற்றலாம். உங்களைக் கண்டால் தானாகவே சுட்டுத்தள்ளும் டரட் என்ற இயந்திரத் துப்பாக்கிகளையும் லேசரால் எரித்துவிடலாம். முதல் பாகத்தில் பெட்டியைப் போட்டோ பின்னால் போய்த் தள்ளியோதான் அவற்றைச் சாய்க்க வேண்டும்.

ஒளிப்பாலம் வாசல் வழியாக நீளும். விழுவதைத் தடுக்கும் தரையாகவும், டரட் குண்டுகளைத் தடுக்கும் சுவராகவும் அதையே பயன்படுத்தலாம். இங்கே ஒரு நுணுக்கம். சுவர் வாசலுக்கு மேல்கீழ் நிரந்தரம். தரையிலோ கூரையிலோ திறக்கும் வாசலுக்கு அப்படியில்லை. அது எந்தப் பக்கம் திரும்பியிருக்கும் என்பது நீங்கள் எங்கே நின்று சுட்டீர்கள் என்பதைப் பொறுத்தது. ஆகவே பாலத்தைத் தரை வாசல் வழியாகச் செங்குத்துச் சுவராக எழுப்பும்போது, அது தவறான பக்கம் பார்த்து நின்றால் பாலத்தில் குற்றமில்லை. நீங்கள் அறையின் வேறு பக்கம் போய் நின்று அதே இடத்தில் மறுபடி சுட்டால் சுவர் திரும்பிவிடும். இதை கேம் எங்கேயும் வாய்விட்டுச் சொல்வதில்லை. பாலம் வரும் அறைகளில் பலர் சிக்கிக்கொள்வது இதனால்தான்.

நீலச் சுழல் குழாய், பொருளையும் ஆளையும் மெல்ல மிதக்க வைத்துக் கொண்டுபோகும். திசையைத் திருப்பினால் ஆரஞ்சாகி எதிர்ப்பக்கம் இழுக்கும். பார்க்க அழகு. ஆடத்தான் சற்று மந்தம். மிதந்து போய்ச் சேரும்வரை காத்திருப்பதைத் தவிர உங்களுக்கு வேலை இல்லை. விரலுக்கு ஓய்வு கொடுப்பது அளவுமீறிப் போன இடம் என்று இதைச் சொல்லலாம்.

ஜெல்கள் அதற்கு நேர்மாறு. நீல ஜெல்லில் விழுந்தால் கிட்டத்தட்ட விழுந்த உயரத்துக்கே துள்ளி எழுவீர்கள். குனிந்தபடி போனால் துள்ளாது. ஆரஞ்சு ஜெல் பூசிய தரையில் ஓடினால் வேகம் ஏறிக்கொண்டே போகும், ஓரத்தில் கால் விலகினால் இறங்கும். வெள்ளை ஜெல் படும் இடமெல்லாம் வாசல் திறக்கத் தகுந்ததாகிவிடும். தண்ணீர் எல்லாவற்றையும் கழுவிவிடும். ஜெல் ஒரு திரவம் என்பதால் அதையும் வாசல் வழியாக விழவைத்து எங்கு வேண்டுமானாலும் பாய்ச்சலாம். நீண்ட ஓடுபாதையில் ஆரஞ்சைப் பூசி, கடைசியில் உள்ள சுவரில் ஒரு வாசல், வேறொரு தரையில் மற்ற வாசல் என்று வைத்துவிட்டு ஓடிப்போய் நுழைந்தால் கிடைமட்ட ஓட்டம் நேர்க்குத்தான எழுச்சியாகும். விழ உயரம் இல்லாத இடத்தில் உயரத்தைத் தரையிலேயே சேர்த்துக்கொள்ளும் வித்தை இது. கேமில் உள்ள எல்லா யோசனைகளிலும் இயற்பியல் உடம்பில் உறைப்பது இதில்தான். ஜெல் பூசும் அறைகளில் பொதுவாக நடக்கும் தவறு, கஞ்சத்தனமாகப் பூசுவது. பாதை நடுவே ஒரு திட்டு காய்ந்திருந்தாலும் வேகம் அங்கே போய்விடும். கண்டபடி நிறையப் பூசுங்கள், செலவில்லை.

ஜெல்கள் அறிமுகமாவது ஆறு, ஏழாம் அத்தியாயங்களில். மொத்தம் ஒன்பது அத்தியாயம். கதை நடப்பது அப்பர்ச்சர் சயின்ஸ் என்ற கற்பனை ஆய்வு நிறுவனத்துக்குள். இந்த இரண்டு அத்தியாயங்களில் உங்களை அதன் அடியில் உள்ள பழைய சுரங்கத்துக்கு அனுப்பிவிடுகிறார்கள். 1950-கள், 70-கள், 80-கள் என்று பத்தாண்டு பத்தாண்டாக மேலே ஏறி வருவீர்கள். நிறுவனர் கேவ் ஜான்சனின் பழைய ஒலிப்பதிவுகள் கூடவே வரும். ஜே. கே. சிம்மன்ஸின் குரல், முதலாளித் திமிர் சொட்டும் நகைச்சுவை. விண்வெளி வீரர்களை வைத்துச் சோதனை செய்த நிறுவனம் எப்படிப் படிப்படியாகத் தெருவில் போகிறவர்களுக்குக் காசு கொடுத்துக் கூப்பிடும் நிலைக்கு வந்தது என்பதை சுவரொட்டிகளும் காத்திருப்பு அறைகளுமே சொல்லிவிடுகின்றன. எழுத்தின் தரத்தில் உச்சம் இதுதான்.

ஆட்டத்தின் தரத்தில் பள்ளமும் இதுவேதான். சோதனை அறைகளுக்கு நடுவே பிரம்மாண்டமான குகைகள். அங்கே புதிர் இல்லை. எங்கோ தூரத்தில் ஒரே ஒரு வெள்ளைப் பலகை இருக்கும், அதைக் கண்டுபிடித்துச் சுட வேண்டும். கண்டுபிடித்தால் வழி திறந்தது. அது யோசனை அல்ல, கண் பரிசோதனை. முதல் பாகத்தில் சோதனை அறைகளுக்குப் பின்னால் உள்ள இரகசிய வழிகளில் புகுந்து போகும் பகுதி இப்படித்தான் தொடங்குகிறது. ஆனால் அங்கே பல சுவர்களில் வாசல் திறக்கும், வழி உங்களுடையது. இங்கே வழி அவர்களுடையது. சோதனை அறைகளிலும் இந்தச் சுருக்கம் கொஞ்சம் உண்டு. வெள்ளைப் பரப்பு எங்கெங்கே என்று எண்ணினாலே விடை பாதி தெரிந்துவிடும் அறைகள் முதல் நான்கு அத்தியாயங்களில் ஏராளம்.

பழசு தெரிவது ஏற்றத்தூக்கிகளில். அறைக்கு அறை லிஃப்ட், லிஃப்டுக்கு லிஃப்ட் லோடிங் திரை. எஸ்.எஸ்.டி. இருந்தால் சில நொடி, பழைய ஹார்டு டிஸ்க் என்றால் பேச்சின் தொடர்ச்சியே அறுந்துபோகும். பேச்சு இந்த கேமில் பாதி. எலன் மெக்லெய்ன் குரலில் கிளாடோஸ் என்ற இயந்திரம் ஏற்ற இறக்கமில்லாமல் உங்களைக் குத்திக்கொண்டே இருக்கும். ஸ்டீஃபன் மெர்ச்சன்ட் குரலில் வீட்லி என்ற உருண்டை ரோபோ மூச்சுவிடாமல் உளறும். தமிழில் வசன வரிகள் கிடையாது. வீட்லியின் இங்கிலாந்து உச்சரிப்பும் வேகமும் பிடிபடாவிட்டால் ஆங்கில வசன வரிகளை முதலிலேயே போட்டுக்கொள்ளுங்கள். ஒலி விவரங்களையும் சேர்த்துக் காட்டும் வரிகள் வேண்டாம், வெறும் வசனம் போதும். இல்லையென்றால் ஒவ்வொரு கதவுச் சத்தமும் திரையில் எழுதப்படும். புதிரை முடித்ததும் ஓடிவிடாமல் ஓரிரு நொடி நில்லுங்கள். நல்ல வசனங்கள் பல லிஃப்டுக்கு முன்னால்தான் வருகின்றன. லிஃப்டில் ஏறினால் வெட்டுப்படும்.

இருவர் ஆடும் பகுதி தனிக் கதை, தனி அறைகள். அட்லஸ், பி-பாடி என்று இரண்டு ரோபோக்கள், ஆளுக்கு இரண்டு வாசல், மொத்தம் நான்கு. உங்கள் வாசல்கள் உங்களுக்குள் மட்டும் இணையும், ஆனால் இருவரும் எல்லாவற்றிலும் நுழையலாம். நான்கு வாசல் என்றால் சிரமம் இரட்டிப்பாகும் என்று தோன்றும், உண்மையில் அதைவிட அதிகமாகும். தனி ஆட்டத்தில் கழற்றி எடுத்த 'சரியான நொடி' இங்கே திரும்பி வந்துவிடுகிறது. ஒருவர் அந்தரத்தில் பறக்கும்போது மற்றவர் சரியான கணத்தில் வாசல் திறக்க வேண்டும். அதற்கென்றே இருவர் திரையிலும் ஓடும் எண்ணிக்கைக் கருவியும், 'இங்கே சுடு' என்று குறிகாட்டும் கருவியும் உண்டு. குரலில் பேசிக்கொள்ள முடியாவிட்டாலும் இவை இரண்டை வைத்தே முழுதும் முடிக்கலாம். விழுந்து நொறுங்கினால் உடனே புது உடம்பு, தண்டனை இல்லை. ஒரே நிபந்தனை, இருவரும் முதல்முறை ஆடுபவர்களாக இருக்க வேண்டும். விடை தெரிந்த ஒருவர் கூட இருந்தால், 'அதோ அங்கே நில்லு, இதோ இங்கே சுடு' என்று ஆட்டம் அரை மணி நேரத்தில் செத்துவிடும். ஏற்கெனவே முடித்தவர் என்றால் வாயைக் கட்டிக்கொண்டு, சொன்னதைச் செய்யும் ஆளாக மட்டும் வாருங்கள்.

கணினியில் இணையம் வழியாக ஆட இருவரிடமும் கேம் இருக்க வேண்டும். ஒரே வீட்டில் என்றால் கேம்பேட் ஒன்றை இணைத்துத் திரையைப் பிரித்து ஆடலாம், ஒரு பிரதி போதும். வால்வின் இணையக் கேம் கடையான ஸ்டீமில் உள்ள ரிமோட் ப்ளே டுகெதர் வசதி வழியாக வேறு ஊரில் உள்ளவரையும் இப்படிச் சேர்க்கலாம். ஆனால் அவர் திரைக்குப் படம் இணையத்தில் போய்ச் சேர நேரம் பிடிக்கும். யோசிக்கும் அறைகளில் அது உறுத்தாது, அந்தரத்தில் சுடும் அறைகளில் உறுத்தும்.

கணினிக்குப் பெரிய தகுதி வேண்டாம். 2 ஜி.பி. நினைவகம், 8 ஜி.பி. இடம் என்பதே அறிவிக்கப்பட்ட தேவை. தனி கிராஃபிக்ஸ் அட்டை இல்லாத சாதாரண மடிக்கணினியிலும் ஓடும். வால்வின் கையடக்கக் கருவியான ஸ்டீம் டெக்கில் தொந்தரவில்லை. மேக் வைத்திருப்பவர்கள் வாங்குவதற்கு முன் நிதானிக்க வேண்டும். இது 32-பிட் கேம், கேட்டலினா முதல் வந்த மேக் இயங்குதளங்களில் திறக்கவே திறக்காது. நின்டெண்டோ ஸ்விட்சில் இரண்டு பாகங்களும் சேர்ந்து 2022 ஜூனில் வந்தன. கருவியையே அசைத்துக் குறிபார்க்கும் வசதி அதில் உண்டு, குச்சியை மட்டும் வைத்துச் சுடுவதைவிட எவ்வளவோ மேல். தலைசுற்றல் வருபவர்களுக்கு ஒரு எச்சரிக்கை. தரை வாசலில் விழுந்து சுவர் வாசலில் வெளியே வரும்போது உலகமே புரளும், அதைத் தவிர்க்க முடியாது. குறுகிய பார்வைக் கோணம் அதை இன்னும் மோசமாக்கும். அதை மாற்ற அமைப்புப் பக்கத்தில் வழி இல்லை, கட்டளைகளைத் தட்டச்சு செய்யும் டெவலப்பர் கன்சோலைத் திறந்துதான் மாற்ற வேண்டும். முழு விலை கொடுக்க அவசரம் வேண்டாம். ஸ்டீமின் பருவகாலத் தள்ளுபடிகளில் இரண்டு பாகங்களும் அடிமாட்டு விலைக்கு வரும்.

முதல் பாகத்துக்கு 2022 டிசம்பரில் வந்த, வெளிச்சத்தை நிஜம்போலக் காட்டும் ஆர்.டி.எக்ஸ். பதிப்பு, பழைய கேம் வைத்திருப்பவர்களுக்கு இலவசம்தான். ஆனால் குறைந்தது ஆர்.டி.எக்ஸ். 3060 கிராஃபிக்ஸ் அட்டை கேட்கிறது. வாசலின் வெளிச்சம் எதிர்ச்சுவரில் படிவது கண்கொள்ளாக் காட்சி. புதிர் ஒரு மயிரிழை கூட மாறவில்லை. அட்டை கையில் இருந்தால் பாருங்கள், இதற்காக வாங்காதீர்கள்.

தனி ஆட்டம் சுமார் 8 மணி நேரம், இருவர் ஆட்டம் அதற்குச் சற்றுக் குறைவு. அதன்பிறகுதான் இந்த கேமின் பெரிய சொத்து திறக்கிறது. 2012 மே மாதம் இலவசமாகச் சேர்த்த அறை கட்டும் கருவி. கட்டம் கட்டமாக இழுத்து, சுவரை வெள்ளையாக்கி, லேசரை வைத்து, உடனே உள்ளே நுழைந்து ஆடிப் பார்க்கலாம். மற்றவர்கள் கட்டிய அறைகளை ஸ்டீம் வொர்க்‌ஷாப்பிலிருந்து ஒரு கிளிக்கில் இறக்கலாம். எண்ணிக்கைக்குப் பஞ்சமில்லை, தரத்துக்கு உண்டு. வாக்கு வரிசைப்படி எடுத்தால் தப்பிக்கலாம்.

விரலுக்கு வேலை வேண்டும் என்பவர்கள் ரசிகர்கள் செய்த முழு நீள கேம்கள் பக்கம் போகலாம். போர்ட்டல் 2 இருந்தால் இவை இலவசம். 2015-இல் வந்த போர்ட்டல் ஸ்டோரீஸ்: மெல், வால்வ் கழற்றி எடுத்த கடுமையை வட்டியோடு திருப்பிக் கொடுக்கிறது. அதன் முதல் சில அறைகளே மூலக் கேமின் கடைசி அறைகளைவிடக் கடினம். போர்ட்டல் ரிலோடட் 2021-இல் வந்தது. இதில் மூன்றாவதாக ஒரு பச்சை வாசல், அது அதே அறையின் இருபது ஆண்டுகள் பிந்தைய காலத்துக்குத் திறக்கும். இன்று நகர்த்தும் பெட்டி அங்கேயும் நகரும். அங்கே நகர்த்தினால் இங்கே நகராது. முதல் மூன்று அறைகளில் சுலபம் என்று தோன்றும். நான்காவதில் ஒரு காகிதமும் பேனாவும் பக்கத்தில் வைத்துக்கொள்ளுங்கள்.